‘கருதப்படும்’ என்றொரு சொல்

சட்ட நூல்களில் அடிக்கடி கண்ணில் படும் ஒரு சொல் ‘கருதப்படும்’. நடக்காத ஒன்றை நடந்ததாகவே எடுத்துக்கொள் என்று ஆணையிடும் சொல். வழக்கறிஞர்கள் இதைச் சட்டப் புனைவு என்பார்கள். புனைவு என்றாலே காது கொடுக்கும் நமக்கு, கோவாவின் இரும்புத்தாது வழக்குகளுக்குள் நுழைய இதைவிட நல்ல வாசல் கிடையாது.

போர்த்துகீசியர் அங்கே வழங்கியவை காலவரம்பற்ற சுரங்க உரிமைகள். 1987இல் இந்திய நாடாளுமன்றம் அவற்றை ஒழித்து, 1961 டிசம்பர் 20 முதலே அவை குத்தகைகளாக இருந்தனவாகக் கருதப்படும் என்று சட்டம் இயற்றியது. அந்தக் குத்தகைகள் 1987 நவம்பர் 22இல் முடிந்தன. இருபதாண்டுப் புதுப்பித்தல் 2007 நவம்பர் 22இல் தீர்ந்தது. அப்புறம்? மறுபடி புதுப்பிக்க மனு கொடுத்தார்கள். அரசு எந்த முடிவும் எடுக்கவில்லை. முடிவு எடுக்கப்படாதவரை குத்தகை நீடிப்பதாகக் கருதப்படும் என்றொரு விதி இருந்தது. அதைக் காட்டிக்கொண்டு தோண்டினார்கள்.

சாதாரணத் தோண்டல் அல்ல. சீனாவின் உருக்காலைகள் தரம் குறைந்த தாதுவையும் வாங்கிக்கொண்ட காலம் அது. 2010-11இல் கோவா வழியாக ஏற்றுமதியான தாது 5 கோடி டன்னைத் தாண்டியது. ஒரு டன் தாதுவுக்கு இரண்டு மூன்று டன் மேல்மண்ணை அகற்றிக் குவிக்க வேண்டும். பருவமழையில் அந்தக் குவியல்கள் கரைந்து நெல்வயல்களில் படிந்தன. குழிகள் நிலத்தடி நீர்மட்டத்துக்குக் கீழே இறங்க, சுற்றுப்புறக் கிணறுகள் வற்றின. எல்லாம் ஒரு விதியின் வினைச்சொல்லை நம்பி!

நீதிபதி ஷா ஆணையத்தின் அறிக்கை 2012இல் வெளியானது. சட்டவிரோதச் சுரங்கத்தால் ஏற்பட்ட இழப்பு ஏறத்தாழ 35,000 கோடி ரூபாய் என்று அது மதிப்பிட்டது. (நிறுவனங்கள் அந்தக் கணக்கை ஏற்கவில்லை.) கோவா ஃபவுண்டேஷன் தொடுத்த வழக்கில் 2014 ஏப்ரல் 21இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்த நீடிப்பு விதி இரண்டாம் புதுப்பித்தலுக்குப் பொருந்தாது. 2007 நவம்பர் 22க்குப் பிறகு தோண்டியது அனைத்தும் குத்தகையின்றித் தோண்டியதே. ஆண்டுக்கு 2 கோடி டன் என்று இடைக்கால உச்சவரம்பும், விற்பனைத் தொகையில் பத்து விழுக்காட்டை வருங்காலத் தலைமுறைகளுக்கென நிரந்தர நிதியில் சேர்க்கும் ஏற்பாடும் அதே தீர்ப்பில் வந்தன. மண்ணுக்கடியில் இருப்பது பிறக்காதவர்களுக்கும் சொந்தம் என்பதை ஒரு நீதிமன்றம் விழுக்காட்டுக் கணக்காக எழுதியதை நாம் வேறெங்கும் அதிகம் பார்த்ததில்லை.

அதன்பின் நடந்ததுதான் நமக்கு ஆறவில்லை. முத்திரைத் தீர்வையை முன்பே வசூலித்துவிட்டோம் என்பது ஒரு காரணமாயிற்று. அதைக் கட்டியவர்களுக்குக் குத்தகை எழுதிக் கொடுக்கும்படி 2014 ஆகஸ்டில் மும்பை உயர் நீதிமன்றமும் சொல்லியிருந்தது. 2014 நவம்பர் முதல் 2015 ஜனவரி வரை 88 குத்தகைகளைக் கோவா அரசு ‘புதுப்பித்தது’. இனி ஏலத்தின் வழியேதான் குத்தகை என்ற மத்திய அவசரச் சட்டம் வந்த நாள் 2015 ஜனவரி 12. அந்த அவசரத்தை நீதிமன்றமும் கவனித்தது. 2018 பிப்ரவரி 7இல் 88ஐயும் ரத்து செய்து, தேவை புதுப்பித்தல் அல்ல, புதிய குத்தகையும் புதிய சுற்றுச்சூழல் அனுமதியுமே என்றது. மார்ச் 15உடன் சுரங்கங்கள் நின்றன.

நின்றபோது நிர்க்கதியானவர்கள் டிப்பர் லாரிக்குத் தவணை கட்டிக்கொண்டிருந்தவர்களும், மாண்டவியில் தாது ஏற்றிச் சென்ற படகுகளில் வேலை பார்த்தவர்களும். சூழலியல் பேசும் நம் நண்பர்கள் இவர்களைக் கடந்து போய்விடுகிறார்கள். அது தவறு என்றே நாம் நினைக்கிறோம். ஆனால் அந்தத் துயரத்துக்குக் காரணம் தீர்ப்பு என்று சொல்வதையும் ஏற்க முடியவில்லை. செல்லாத குத்தகையைச் செல்லுபடியாகும் என்று நம்பவைத்து அவர்களைக் கடன் வாங்க வைத்தது யார்? முறையாக ஏலம் விட்டிருக்க வேண்டிய அரசு, மறுஆய்வு மனுவைக்கூட உரிய காலத்தில் போடவில்லை. 2021இல் அந்த மனு தாமதத்துக்காகவே தள்ளுபடியானது.

ஏலம் 2022 டிசம்பரில்தான் தொடங்கியது. முதலில் போன பிச்சோலிம் தொகுதியை எடுத்தது வேதாந்தா நிறுவனம். ரத்தான 88 குத்தகைகளில் சிலவற்றை வைத்திருந்ததும் அதுவே. ஏலம் என்பதால் இதில் சட்டக் குறை இல்லை; அரசுக்கு வருமானமும் கூடும். ஆனால் வழக்குகள் முழுவதிலும் குத்தகை என்பது அரசுக்கும் நிறுவனத்துக்கும் இடையிலான தாளாகவே இருந்தது. முதல் தாளில் கிராமத்துக்குக் கையெழுத்திடும் இடம் இல்லை. புதிய தாளிலும் இல்லை. அந்தத் தொகுதிக்குள் அடங்கிய முள்காவ் கிராமத்தார், தங்கள் வீடுகளையும் கோயில்களையும் குளங்களையும் குத்தகை எல்லைக்கு வெளியே வைக்கும்படி கேட்டுப் போராட வேண்டியிருந்தது.