உள்தள்ளலும் வெளித்தள்ளலும்

சென்ற மாதம் ஊர்காவற்றுறைக்குச் சென்றிருந்தபோது, கரம்பனில் உள்ள உறவினர் வீட்டில் ஒரு மாலைப்பொழுதைக் கழிக்க நேர்ந்தது. தம்பி முறையானவரின் மகள் உயர்தர வகுப்பில் தகவல் தொடர்பாடல் தொழினுட்பத்தை ஒரு பாடமாகக் கற்கிறாள். என்னைக் கண்டதும் கொப்பியுடன் வந்து அருகில் அமர்ந்தாள். பத்திரிகைக்காரர் என்றால் எல்லாச் சொற்களுக்கும் பொருள் தெரிந்திருக்கும் என்ற நம்பிக்கை எங்கள் ஊரில் இன்னமும் இருக்கிறது. அதைக் கெடுக்க எனக்கும் மனம் வருவதில்லை.

"பெரியப்பா, இந்த வரியை வெளித்தள்ளோணும் எண்டு நோட்ஸிலை கிடக்குது. வெளியிலை தள்ளினா அந்த வரி புரோகிராமிலை இருந்து போயிடாதோ?"

கேள்வி நியாயமானது. அவள் சொன்னபடியே செய்தும் பார்த்திருந்தாள். குறிகட்டுவானிலிருந்து நெடுந்தீவு சென்ற படகில் ஐந்து நாட்களிலும் ஏறிய பயணிகளின் தொகையைக் கூட்டிக் காட்டுவதற்குப் பைதன் மொழியில் ஒரு சிறு நிரல். கூட்டல் வரி, ஐந்து முறை திரும்பத் திரும்ப நடக்கும் வளையத்துக்குள் இருக்கிறது. விடையை அச்சிடும் வரியும் அதே அளவு உள்ளே தள்ளி எழுதப்பட்டிருந்ததால், ஒரு முறை வரவேண்டிய விடை ஐந்து முறை வந்துகொண்டிருந்தது. அதைத் திருத்துவதற்கு 'வெளித்தள்ளுக' என்று ஏதோ ஒரு தனியார் கல்வி நிலையத்தின் குறிப்பு சொல்ல, பிள்ளை அந்த வரியையே அழித்துவிட்டாள். பிறகு விடையே வரவில்லை.

குறிப்பு எழுதியவர் சொல்ல வந்தது வேறு. அச்சிடும் வரியை ஓரத்தை நோக்கி இழுத்து, 'வளையம் இத்துடன் முடிந்தது, இது அதற்கு அடுத்த வேலை' என்று கணினிக்குத் தெரிவிக்கவேண்டும் என்பதே அவர் கருத்து. ஆங்கிலத்தில் அவுட்டென்ட் என்று ஒரு சொல் இருக்கிறது. 'அவுட்' என்றால் வெளி. 'இன்டென்ட்' ஏற்கெனவே உள்தள்ளல் ஆகிவிட்டது. ஆகவே இது வெளித்தள்ளல். கணக்கு சரி, விடை பிழை.

தமிழில் தள்ளுதல் என்ற வினை இலேசுப்பட்டதன்று. தள்ளுபடி, தள்ளிவைத்தல், தள்ளுண்டவர் என்று அது போகும் இடமெல்லாம் ஒரு நிராகரிப்பு உடன்செல்கிறது. வெளியே தள்ளினால் போனது போனதுதான். ஒருவரை உள்ளே தள்ளிவிட்டார்கள் என்றால் சிறையில் அடைத்தார்கள் என்பது பொருள். (என் தலைமுறைப் பத்திரிகையாளர்களுக்கு இது நகைச்சுவையாகப் படாது.) உள்தள்ளல் என்பதை இனி மாற்ற இயலாது, அது நிலைத்துவிட்டது. இலக்கணப்படி உட்டள்ளல் என்றல்லவா புணரவேண்டும் என்று கேட்கும் புலவர்கள் யாராவது எஞ்சியிருந்தால் அவர்களுக்கு என் வணக்கம்.

ஆங்கிலச் சொல்லின் வரலாறும் நேரானதன்று. இன்டென்ட் என்பதற்குள் இருப்பது பல். பல்லுக்கான இலத்தீன் சொல்லிலிருந்து, பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தது அது. முற்காலத்தில் ஒப்பந்தத்தை ஒரே தாளில் இரு முறை எழுதி, நடுவே வாள்பல் போல நெளிவாக வெட்டி, ஆளுக்கொரு பாதியாக வைத்துக்கொண்டார்கள். வழக்கு வந்தால் இரண்டு பாதிகளின் பற்களும் பொருந்தவேண்டும். ஒப்பந்தப் பத்திரத்துக்கு ஆங்கிலத்தில் வழங்கும் பெயர் அதிலிருந்தே பிறந்தது. 1860இல் நேட்டாலுக்கும் 1903 முதல் பிஜிக்கும் கப்பலேற்றப்பட்ட தமிழர்கள் சுமந்துசென்றதும் அந்தப் பெயரைத்தான். வரியின் தொடக்கத்தில் ஓரத்திலிருந்து இடம் விட்டால் பக்கத்தின் விளிம்பு பல் விழுந்தது போலத் தோன்றும். அதனால் அதற்கும் அப்பெயர் ஆயிற்று. ஆக, அதிலுள்ள 'இன்' உள்ளே என்று திசை காட்டும் முன்னொட்டாக வரவில்லை. பிற்காலத்தவர்கள் அதைத் திசை என்று எண்ணி, எதிர்த்திசைக்கு 'அவுட்' போட்டார்கள். வேறு சிலர் 'டி' போட்டு டிடென்ட் என்றார்கள். இன்னும் சிலருக்கு அன்இன்டென்ட். பைதன் மொழியின் ஆவணங்கள் டிடென்ட் என்கின்றன. அதே மொழி, நாம் பிழை விடும்போது திரையில் காட்டும் செய்தியிலோ அன்இன்டென்ட் என்று கண்டிக்கிறது. ஆங்கிலத்திலேயே பஞ்சாயத்து முடியாத ஒரு சொல்லை நாம் எழுத்தெண்ணி மொழிபெயர்க்கப் புறப்பட்டிருக்கிறோம்.

இதைவிடப் பெரிய சிக்கல், அவுட்டென்ட் என்ற ஒரே சொல் இரண்டு வேலைகளுக்கு வழங்குவது. உள்ளே தள்ளிய வரியை ஒரு படி திரும்ப எடுப்பது ஒன்று. சொற்செயலியில் இடப்பக்கம் பார்க்கும் அம்புக்குறியுள்ள பொத்தான் செய்வது இதுதான். பந்தியின் முதல் வரியை மட்டும் மற்ற வரிகளுக்கு வெளியே நீட்டிவிடுவது மற்றது. அகராதிகளில் தலைச்சொல் துருத்திக்கொண்டு நிற்க, விளக்கம் அதன் கீழ் உள்ளடங்கிக் கிடக்கிறதே, அது. முதலாவதில் ஏதோ ஒன்று நீங்குகிறது. இரண்டாவதில் ஏதோ ஒன்று தோன்றுகிறது. இரண்டையும் வெளித்தள்ளல் என்று சொல்லி மாணவரை விட்டுவிட்டால் அவர் எதைச் செய்வார்?

அகராதி என்றதும் ஒன்றைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. இதே கரம்பனில் 1913இல் பிறந்த தனிநாயகம் அடிகள், 1679இல் அச்சான அந்தாவ் த புரோவென்சாவின் தமிழ் - போர்த்துக்கேய அகராதியை 1966இல் கோலாலம்பூரிலிருந்து நிழற்படிவப் பதிப்பாக வெளிக்கொணர்ந்தார். முதலாவது உலகத் தமிழ் ஆராய்ச்சி மாநாடு அங்கு நடந்த அதே ஆண்டு. சொற்களைத் தேடி உலகம் சுற்றிய ஒருவர் பிறந்த ஊரில், ஒரு சொல்லுக்காக ஒரு பிள்ளை விழித்துக்கொண்டிருந்தாள் என்பது என் மனத்தை உறுத்தியது.

ஏடுகளில் இந்தத் தொல்லை இல்லை. பனையோலையில் பந்தியும் இல்லை, இடைவெளியும் இல்லை. புள்ளி இடுவதற்கே தயங்கினார்கள். ஓலையின் இந்த முனையிலிருந்து அந்த முனைவரை எழுத்து. எங்கு முடிகிறது, எங்கு தொடங்குகிறது என்பதைப் படிப்பவர் தம் அறிவால் பிரித்துக்கொள்ளவேண்டும். அச்சு வந்த பிறகே பந்தி பிரித்தல் நமக்குப் பழகிற்று. (தமிழ்நாட்டார் பத்தி என்பதை நாம் பந்தி என்கிறோம். சாப்பாட்டுப் பந்தியும் இதுவும் ஒன்றேயென்று இளவயதில் நினைத்திருந்தேன். வரிசையாக உட்காருவதுதானே இரண்டும்!)

பந்தியின் முதல் வரியில் விடும் அந்தச் சிறு இடத்தின் பெறுமதியை நான் கற்றது பல்கலைக்கழகத்தில் அன்று. கலைப்பட்டத்தோடு யாழ்ப்பாணத்தில் ஒரு பத்திரிகையில் ஒப்புநோக்காளனாகச் சேர்ந்தது 1991இல். 1990 முதல் குடாநாட்டின் மீது பொருளாதாரத் தடை. மின்சாரம் இல்லை. அச்சுத்தாள் கிடைப்பது அரிது. கோடு போட்ட கொப்பித்தாளிலும் நிறத்தாளிலும் யாழ்ப்பாணத்தில் பத்திரிகை அச்சான காலம் அது. ஒவ்வொரு வரியும் கணக்கு. ஈய எழுத்துக்களைக் கையால் கோத்த எங்கள் அச்சுக்கோப்பாளர், பந்தியின் தொடக்கத்தில் எழுத்தில்லாத ஓர் ஈயக்கட்டையைச் செருகுவார். குவாட் என்போம். அது தாளில் மை பதிக்காது. வெறும் இடத்தை மட்டும் காத்து நிற்கும்.

இடத்தைச் சேமிக்க அந்தக் கட்டைகளை எடுத்துவிடுவோம் என்ற யோசனை ஆசிரியபீடத்திலிருந்து வந்தது. எங்கள் முதிய அச்சுக்கோப்பாளர் மறுத்தார். "தம்பி, கட்டையை எடுத்து ஒரு வரியும் மிச்சம் வராது. பந்தியளை ஒட்டினாத்தான் வரும்." அவர் கணக்கு உண்மை. ஒரு பந்திக்கு ஓர் எழுத்தளவு இடம் சேமித்தால் பெரும்பாலும் வரி எண்ணிக்கை மாறாது. பந்தியின் கடைசியில் பாதியாக நிற்கும் வரிகளை அடுத்த பந்தியோடு சேர்த்தால்தான் இடம் கிடைக்கும். எனினும் யோசனை நிறைவேற்றப்பட்டது. அதை வரவேற்றவர்களுள் நானும் ஒருவன்.

சில நாட்களின் பின் செய்தித்துளிகள் பகுதியில் இரண்டு செய்திகள் அடுத்தடுத்து வந்தன. கடலுக்குச் சென்ற மூவர் கரை திரும்பவில்லை என்பது முதலாவது. தீவுப்பகுதியிலிருந்து இடம்பெயர்ந்து வந்தோரில் நிவாரண அட்டையைப் பெற்றுக்கொள்ளாத மூவரின் பெயர்கள் இரண்டாவது. முதற்செய்தியின் கடைசி வரி வலப்பக்க ஓரம்வரை நிறைந்து முடிந்திருந்தது. அடுத்த வரி இடப்பக்க ஓரத்திலேயே தொடங்கியது. இடையில் ஒன்றுமில்லை. மூவர் கரை திரும்பவில்லை, தொடர்ந்து பெயர்கள். மத்தியானத்துக்கு முன் ஒரு பெண் சைக்கிளில் வந்து இறங்கினார். வேலணையிலிருந்து இடம்பெயர்ந்து வேறொரு ஊரில் பாடசாலைக் கட்டடத்தில் தங்கியிருந்தவர். தமையனின் பெயரைக் கண்டுவிட்டு வந்திருந்தார். தமையன் கடலுக்குப் போகிறவரே அல்லர் என்பதை அவர் திரும்பத் திரும்பச் சொன்னார். ஆனாலும் பேப்பரில் வந்துவிட்டதே என்றார். மூலப்பிரதியை எடுத்துக் காட்டி விளக்கி அனுப்பினோம். அடுத்த நாளிலிருந்து கட்டைகள் திரும்பவும் பந்தியின் தலைப்பில் ஏறின. முதியவர் எதுவும் சொல்லவில்லை. அதுதான் பெரிய தண்டனை.

ஓரத்தில் விடும் இடம் அலங்காரமன்று. எந்த வரி எதனோடு சேர்ந்தது என்ற செய்தி அது. பத்திரிகைப் பந்தியில் இடம் விட்டால் புதியது தொடங்குகிறது. பைதனில் அதற்கு நேர்மாறு: விட்ட இடத்தை எடுத்தால் பழையது முடிகிறது. ஆயினும் இரண்டிலும் மௌனமாக நிற்கும் வெற்றிடமே பொருளைத் தீர்மானிக்கிறது. வேறு கணினி மொழிகளில் அடைப்புக்குறியோ முடிவைக் குறிக்கும் ஒரு சொல்லோ இந்தக் காவலைச் செய்யும். உள்தள்ளல் நம் கண்ணுக்கு மட்டும். பைதனில் அது கணினிக்கும் சட்டம். ஆதலால், சொற்செயலிப் பொத்தானுக்கு எந்தப் பெயர் வைத்தாலும் போகட்டும் என்று விட்டுவிடலாம். உயர்தரப் பரீட்சைக்குப் பைதன் படிக்கும் பிள்ளைக்கு அப்படி விட்டுவிட முடியாது.

அரசகரும மொழித் திணைக்களம் முன்னர் வெளியிட்ட சொற்றொகுதிகளைப் புரட்டியவர்களுக்குத் தெரியும்: அவற்றில் கரடுமுரடு உண்டு, ஆனாலும் துறை அறிந்தவரும் தமிழ் அறிந்தவரும் ஒரே மேசையில் அமர்ந்த தடயம் பல இடங்களில் இருக்கும். மானிப்பாயில் மருத்துவத்தைத் தமிழில் கற்பித்த கிறீன் வைத்தியரும் நோயாளியையும் சடலத்தையும் முன்னால் வைத்துக்கொண்டே சொல் தேடினார். இன்று கலைச்சொல் ஆக்குவோர் பலர் ஆங்கிலச் சொல்லை மட்டும் முன்னால் வைத்துக்கொள்கிறார்கள். செயலைப் பார்ப்பதில்லை.

குறை சொல்லிவிட்டு எழுந்து போவது முறையன்று என்பதால் நானும் அன்று ஒரு சொல்லை முன்வைத்தேன். கடலோரத்தவனின் ஆசை: 'கரைக்கு எடுத்தல்'. சேலைக்கும் வேட்டிக்கும் கரை உண்டு; பக்கத்துக்கும் இருக்கட்டுமே. வள்ளத்தைக் கரைக்கு எடுப்பது போல வரியைக் கரைக்கு எடுக்கிறோம். வெளியே தள்ளும் வன்மம் இல்லை. வேலை முடிந்து திரும்பும் நிறைவும் இருக்கிறது. எனக்குப் பெருமையாகவே இருந்தது.

பிள்ளை சற்று யோசித்தாள்.

"வளையத்துக்குள்ளை இன்னொரு வளையம் இருந்தா, பெரியப்பா? உள்வளையத்திலை இருந்து ஒரு படி எடுத்தா வெளிவளையத்துக்குத்தான் வரும். கரைக்கு வராதே."

சரிதான். பைதனில் உள்தள்ளலைக் குறைத்தால் ஓரத்துக்கே வந்துசேர வேண்டும் என்பதில்லை. முன்னைய படிகளுள் ஏதாவது ஒன்றோடு சரியாகப் பொருந்தினால் போதும். பொருந்தாவிட்டால் நிரல் ஓட மறுத்துவிடும். பழைய ஒப்பந்தப் பத்திரத்தின் பற்களைப் போல. என் கரை அங்கே தட்டிவிட்டது.

ஆகவே அலங்காரம் இல்லாத சொற்களுக்கே வந்துசேர்ந்தோம். ஒரு படி எடுப்பதற்கு 'உள்தள்ளல் குறைத்தல்'. ஓரம்வரை முழுவதும் எடுப்பதற்கு 'உள்தள்ளல் நீக்கல்'. அகராதித் தலைச்சொல்லைப் போல முதல் வரியை வெளியே விடுவதற்கு 'முதல்வரி நீட்டல்'. மூன்றும் நீளமானவை, அழகில்லாதவை. ஆனால் வரியை அழிக்கச் சொல்லாதவை. பாடநூலையும் குறிப்புகளையும் எழுதுவோர் இதைவிட நல்லவற்றைத் தந்தால் மகிழ்ச்சியோடு ஏற்றுக்கொள்வேன். வெளித்தள்ளலை மட்டும் தயவுசெய்து கைவிடுங்கள்.

அழித்த வரியை அவள் மீண்டும் எழுதினாள். உள்தள்ளலை நீக்கினாள். ஐந்து நாள் பயணிகளின் கூட்டுத்தொகை ஒரே ஒரு முறை திரையில் வந்து நின்றது. மூன்று சொற்களையும் கொப்பியின் கடைசிப் பக்கத்தில் எழுதிக் கொடுத்தேன். வாங்கி வாசித்துவிட்டுக் கேட்டாள்:

"சோதினையிலை இப்பிடி எழுதினா புள்ளி போடுவினமோ?"

யாழ்ப்பாணம் போகும் கடைசி பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டிருந்தது. விசாரித்துச் சொல்கிறேன் என்று சொல்லிவிட்டுப் புறப்பட்டேன். இன்னும் விசாரித்துக்கொண்டுதான் இருக்கிறேன்.