யார் உபரி?

ஹிட்ச்காக்கின் 'ரியர் விண்டோ' (1954) பார்த்துவிட்டு வந்த இரவு, டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து இலக்கிய நண்பர் ஒருவர் ஒரு மணி நேரம் பேசினார். ஜன்னல், கேமரா, பார்ப்பவனின் குற்ற உணர்வு, எல்லாவற்றுக்கும் டைரக்டரே கர்த்தா. எதிர்வீட்டு இசைக்காரனின் விருந்தில் நிற்கும் அந்தப் பெண்மணி யார் என்று கேட்டேன். 'யாரோ எக்ஸ்ட்ரா' என்றார்.

எக்ஸ்ட்ரா என்றால் உபரி. இருந்தாலும் ஒன்றுதான், இல்லாவிட்டாலும் ஒன்றுதான் என்று அர்த்தம். சினிமா முதலாளி இந்தச் சொல்லைப் பயன்படுத்தியதில் நியாயம் உண்டு. கூலியைக் குறைக்க அது அவனுக்கு உதவியது. வியாபார சினிமாவைக் கண்டாலே முகம் சுளிக்கும் நாம் அவனுடைய சொல்லை மட்டும் அப்படியே வாங்கிக்கொண்டது எதற்காக?

அந்தப் பெண்மணியின் பெயர் பெஸ் ஃபிளவர்ஸ். 1898-ல் டெக்ஸாஸில் ஷெர்மன் என்ற ஊரில் பிறந்தவர். 1923-லிருந்து 1964 வரை ஹாலிவுட்டில் உழைத்தார். அவர் தலைகாட்டிய படங்களை எண்ணியவர்கள் 800-ஐத் தாண்டுகிறார்கள். பெரும்பாலானவற்றில் டைட்டிலில் பெயர் கிடையாது. சிறந்த படத்துக்கான ஆஸ்கார் பெற்றவற்றில் ஐந்தில் அவர் இருக்கிறார். 'இட் ஹேப்பண்ட் ஒன் நைட்' (1934) அவற்றில் முந்தியது. 'ஆல் அபவுட் ஈவ்' (1950) படத்தின் பரிசளிப்பு விருந்தில் ஈவைப் பாராட்டும் ஒருத்தியாக வருகிறார்.

இதைச் சொன்னதும் நண்பர் இரக்கப்பட்டார். 'பாவம், கடைசிவரை சான்ஸ் கிடைக்கவில்லை.' இந்த இரக்கம் அலட்சியத்தைவிட மோசமானது. நட்சத்திரம் ஆவது ஒன்றே நடிகையின் மோட்சம், மற்றதெல்லாம் தோல்வி என்ற ஸ்டூடியோ விளம்பரத்தை நம்பினால்தான் இப்படி இரக்கப்பட முடியும். பெஸ் ஃபிளவர்ஸ் மௌனப்பட நாட்களிலும் பிறகு வந்த சிறு ஹாஸ்யப் படங்களிலும் பெயர் சொல்லும்படியான வேஷங்கள் செய்தவர்தான். ஆனால் நாற்பது வருஷம் அவருக்குச் சோறு போட்டது வேறொரு தொழில்.

அந்தத் தொழில் என்ன? எக்ஸ்ட்ராக்களை ஸ்டூடியோக்களுக்கு அனுப்புவதற்கென்றே 1925-ல் 'சென்ட்ரல் காஸ்டிங்' ஏற்பட்டது. எக்ஸ்ட்ராக்களிலும் தரப்பிரிவு இருந்தது. தெருக்கூட்டத்தில் நிற்பவருக்கு ஒரு கூலி. விருந்துக் காட்சிக்குச் சொந்த உடையோடு வந்து நிற்பவருக்கு அதைவிட அதிகக் கூலி. அவர்களை 'டிரெஸ் எக்ஸ்ட்ரா' என்றார்கள். பெஸ் ஃபிளவர்ஸ் இந்த இரண்டாம் வகை. மாலை நேர கவுன்களும் மற்ற உடுப்புகளும் அவருடைய சொந்த அலமாரியிலிருந்து வந்தன. அதாவது, ஹாலிவுட் உலகத்துக்குக் காட்டி மயக்கிய அந்தப் பணக்கார வாழ்க்கையின் ஒரு பங்கு, தினக்கூலிக்கு வந்த பெண்கள் தங்கள் காசில் வாங்கிப் பராமரித்த துணி. கனவுத் தொழிற்சாலை என்று வாய் கூசாமல் எழுதுகிறோமே, அந்தத் தொழிற்சாலையின் கச்சாப் பொருளில் இதுவும் ஒன்று.

வேலையிலும் நுணுக்கம் உண்டு. பேசுவதுபோல் உதடு அசைய வேண்டும், சத்தம் வரக் கூடாது. எத்தனை தடவை எடுத்தாலும் கிளாஸ் அதே உயரத்தில் இருக்க வேண்டும். பார்ப்பவன் கண் கதாநாயகியை விட்டு இவர் மேல் தங்கிவிடக் கூடாது, ஆனால் இவர் நிற்கும் இடம் பொய்யாகவும் படக் கூடாது. 'வெர்ட்டிகோ' (1958) படத்தில் எர்னீஸ் ஹோட்டலில் ஸ்காட்டி மேடலினை முதன்முதலாகப் பார்க்கும் இடத்தை நாம் சிலாகிக்காத நாளில்லை. சாப்பிட்டுக்கொண்டிருக்கும் அத்தனை பேரையும் கடந்துதான் கேமரா அவளிடம் போகிறது. அவர்களில் பெஸ் ஃபிளவர்ஸும் உண்டு. அதில் ஒருவர் அசட்டுத்தனமாகத் தலை திருப்பியிருந்தாலும் அந்த மோகம் அங்கேயே கலைந்திருக்கும். அதை ஹிட்ச்காக் தனியாகச் சாதித்தார் என்று எழுதுவது விமர்சனம் அல்ல, பஜனை.

அவரைப் புனிதவதி ஆக்கும் உத்தேசமும் எனக்கில்லை. அந்த விருந்து மண்டபங்களில் நிற்க உயரமும் மிடுக்கும் மட்டும் போதவில்லை, வெள்ளைத் தோலும் வேண்டியிருந்தது. கறுப்பினத்துப் பெண்களுக்கு ஸ்டூடியோக்கள் பெரும்பாலும் வேலைக்காரி வேஷத்தைத்தான் வைத்திருந்தன. பெஸ் ஃபிளவர்ஸின் நாகரிகம் அந்த விலக்கலின் மேல் நின்ற நாகரிகம். இதையும் சேர்த்துப் பார்ப்பதுதான் பார்ப்பது. இப்போது சிலர் செய்வதுபோல, எந்தப் படத்தில் எந்த மூலையில் அவர் நிற்கிறார் என்று தேடிக் கை தட்டுவது ஒரு விளையாட்டு, அவ்வளவுதான்.

1945-ல் எக்ஸ்ட்ராக்கள் தங்களுக்கென்று தனிச் சங்கம், 'ஸ்க்ரீன் எக்ஸ்ட்ராஸ் கில்ட்', அமைத்தபோது அதை உருவாக்கியவர்களில் அவரும் ஒருவர். ஆரம்ப கால உபதலைவர்களில் ஒருவராகவும் இருந்தார். தாங்கள் உபரி இல்லை என்பது அவர்களுக்குத் தெரிந்திருந்தது. 1984-ல் அவர் இறந்தார். நமக்குத்தான் இன்னும் தெரியவில்லை.

தமிழில் இதைப் பார்த்த கண் இல்லாமல் இல்லை. ஜெமினி ஸ்டூடியோவில் வேலை பார்த்த அசோகமித்திரன் 'புலிக்கலைஞன்' எழுதினார். சின்ன வேஷமாவது கேட்டு சினிமாக் கம்பெனிக்கு வரும் ஒரு மனிதனின் கலை அதில் இருக்கிறது. அந்தக் கதையை நாம் எல்லோரும் கொண்டாடினோம். கொண்டாடிய கையாலேயே சினிமாக் கட்டுரை எழுத உட்கார்ந்ததும் டைரக்டரைத் தவிர வேறு மனுஷ ஜீவனைக் காணவில்லை. கதையில் ஒப்புக்கொண்டதை விமர்சனத்தில் மறுப்பது என்ன தர்க்கம்?

நான் வங்கியில் குமாஸ்தா. சாயங்காலம் கல்லாவில் பத்து ரூபாய் இடித்தால் வீட்டுக்குப் போக முடியாது. 'யாரோ' என்று எழுதிக் கணக்கை மூடவும் முடியாது. நண்பர் பதில் எழுதட்டும். ஹிட்ச்காக்கைப் பற்றியே எழுதட்டும், ஆட்சேபணை இல்லை. ஆனால் இந்த முறை அந்த ஹோட்டலில் யார் யார் உட்கார்ந்திருந்தார்கள் என்று பார்த்துவிட்டு எழுதட்டும்.