படிப்பு கேட்காத வேலையும் சாதி கேட்கும் வேலையும்

2025-ஆம் ஆண்டு குரூப்-4 தேர்வுக்கு முதலில் அறிவிக்கப்பட்ட இடங்கள் 3,935. விண்ணப்பித்தவர்கள் 13 லட்சத்து 89 ஆயிரம் பேர். பிறகு இடங்கள் கூட்டப்பட்டன என்றாலும், அறிவிப்பு வந்த அன்றைய கணக்கில் ஒரு நாற்காலிக்கு 350 பேர் போட்டி. கேட்கப்பட்ட தகுதி பத்தாம் வகுப்பு மட்டுமே. ஆனால் பட்டம் பெற்றவர்களும், அதற்கு மேல் பி.எட். முடித்தவர்களும், பொறியியல் படித்தவர்களும் அந்த வரிசையில் நின்றார்கள். பாளையம்பட்டியிலும் அருப்புக்கோட்டையிலும் திருச்சுழிப் பக்கத்துக் காலனிகளிலும் இருந்து போய் எழுதிய நம் பிள்ளைகளும் அதில் உண்டு.

தேர்ச்சிப் பட்டியலில் பெயர் இல்லாமல் திரும்பிய பிள்ளையைப் பார்த்து, "படிச்சு என்னத்தக் கிழிச்சே?" என்று கேட்கும் குரல் இப்போது நம் தெருக்களில் அதிகம் கேட்கிறது. கேட்பவர் பெரும்பாலும் கூலி வேலை பார்த்துப் பிள்ளையைப் படிக்க வைத்த தகப்பன். அவருடைய கோபத்தை நாம் குறை சொல்ல முடியாது. ஆனால் அந்தக் கேள்வியைப் பிள்ளையிடம் கேட்பது சரியா என்று பார்க்க வேண்டியிருக்கிறது. எந்த வேலைக்கு என்ன படிப்பு கேட்கிறார்கள், என்ன கூலி தருகிறார்கள், அந்த வேலைக்கு யார் போகிறார்கள் என்ற மூன்றையும் ஒன்றாக வைத்துப் பார்த்தால்தான் விடை தெரியும்.

கரிசல் காட்டுக் கூலிக் கணக்கு

நம்முடையது மானாவாரிப் பூமி. மழை பெய்தால் பருத்தியும் சோளமும் கம்பும் மக்காச்சோளமும் விளையும். பெய்யாவிட்டால் சீமைக் கருவேலம் வெட்டிக் கரிமூட்டம் போடுவதுதான் வழி. ரிசர்வ் வங்கி வெளியிட்ட கையேட்டின்படி, 2022-23-இல் தமிழ்நாட்டில் விவசாய வேலைக்கு ஓர் ஆண் பெற்ற சராசரி நாள்கூலி 470 ரூபாய். அதே வேலைக்குக் கேரளத்தில் 764 ரூபாய். பெண்ணுக்கு இங்கே இதைவிடக் குறைவு என்பதைச் சொல்லத் தேவையில்லை. அதுவும் வேலை இருக்கிற நாளுக்கு மட்டும்தான்.

நூறு நாள் வேலையில் 2025-26-க்குத் தமிழ்நாட்டுக்கு அறிவிக்கப்பட்ட கூலி நாளொன்றுக்கு 336 ரூபாய். நூறு நாளும் முழுதாகக் கிடைத்தாலே ஒரு குடும்பத்துக்கு ஆண்டுக்கு 33,600 ரூபாய்தான். மீதி நாட்களுக்கு மில் வேன் வரும், பட்டாசு ஆலை வேன் வரும். பட்டாசு ஆலை படிப்பைக் கேட்பதில்லை, வேகமான கையைத்தான் கேட்கிறது. செய்த எண்ணிக்கைக்குத்தான் கூலி. 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டியில் ஒரே ஆலையில் ஏறத்தாழ நாற்பது உயிர்கள் போயின. அந்தக் கூலிக்குள் உயிருக்கான விலையும் அடக்கம் என்று இந்த மாவட்டம் அன்றே கற்றுக்கொண்டது.

இன்னும் கீழே வாருங்கள். ஊராட்சிகளில் வீடு வீடாகக் குப்பை வாங்கும் தூய்மைக் காவலருக்கு மாதம் 3,600 ரூபாய் கொடுத்துவந்து, பிறகு 5,000 ஆக்கினார்கள். முப்பது நாளுக்கு வகுத்தால் நாளொன்றுக்கு 167 ரூபாய் வரும். அதாவது நூறு நாள் கூலியில் பாதி. சம்பளம் என்று சொன்னால் சட்டம் வந்து நிற்கும் என்பதால் அதற்கு 'மதிப்பூதியம்' என்று பெயர். சத்துணவுக் கூடத்துச் சமையல் உதவியாளருக்கும் தொடக்கத்தில் மாதம் 3,000 ரூபாய்தான் தொகுப்பூதியம்.

இந்தக் கணக்கின் மேல்முனையில் இருப்பது குரூப்-4. இளநிலை உதவியாளருக்கும் கிராம நிர்வாக அலுவலருக்கும் அடிப்படை ஊதியம் 19,500 ரூபாய். அகவிலைப்படி சேர்ந்தால் முதல் மாதமே முப்பதாயிரத்தைத் தாண்டும். பத்தாம் வகுப்பு என்ற ஒரே படியில் நின்றுகொண்டு ஒருவர் மூவாயிரத்துக்கும் போகலாம், முப்பதாயிரத்துக்கும் போகலாம். இதில் படிப்பை விடப் பெரிய வித்தியாசம், வேலை நிரந்தரமா இல்லையா என்பதில்தான் இருக்கிறது.

கோயம்புத்தூரும் சென்னையும் சொன்னது

படிப்பு கேட்காத வேலைகள் பலவற்றிலும் எல்லாச் சாதி ஏழைகளையும் பார்க்கலாம். கொத்து வேலையிலும் மில்லிலும் பட்டாசிலும் பலரும் இருக்கிறார்கள். துப்புரவு மட்டும் அப்படி இல்லை. ஒன்றிய அரசின் 'நமஸ்தே' திட்டத்தில் 2024 வரை கணக்கெடுக்கப்பட்ட 38,000 கழிவுநீர், மலக்குழித் தொழிலாளர்களில் ஏறத்தாழ 69 விழுக்காட்டினர் பட்டியல் சாதியினர். பொதுப் பிரிவினர் 8 விழுக்காடு. இந்த வேலைக்கு எந்தச் சான்றிதழும் கேட்கப்படவில்லை. பிறப்பே சான்றிதழாக இருந்தது.

ஆனால் இதே வேலைக்கு ஒரு முறை கதவு வேறு மாதிரித் திறந்ததை நாம் மறந்துவிடக் கூடாது. 2019 நவம்பரில் கோயம்புத்தூர் மாநகராட்சி 549 துப்புரவுப் பணியிடங்களை நிரந்தரமாக நிரப்ப அறிவிப்புக் கொடுத்தது. தொடக்க ஊதியம் 15,700 ரூபாய். ஏழாயிரம் பேர் விண்ணப்பித்தார்கள். அவர்களில் பொறியாளர்களும் முதுகலைப் பட்டதாரிகளும் பட்டயம் பெற்றவர்களும் இருந்தார்கள். எல்லாச் சாதியிலிருந்தும் வந்தார்கள். அதே ஆண்டுத் தொடக்கத்தில் சட்டப்பேரவைச் செயலகத்தில் 14 துப்புரவு இடங்களுக்கு 4,600-க்கும் மேற்பட்டோர் விண்ணப்பித்ததும் செய்தியானது.

இதற்கு நேர் எதிரான காட்சி 2025 ஆகஸ்டில் சென்னையில் நடந்தது. இராயபுரம், திரு.வி.க. நகர் மண்டலங்களின் தூய்மைப் பணி தனியாருக்குக் கொடுக்கப்பட்டது. மாதம் 23,000 ரூபாய் அளவில் பெற்றுவந்தவர்களுக்கு ஒப்பந்த நிறுவனத்தில் 16,950 ரூபாய் என்றார்கள். ரிப்பன் மாளிகை வாசலில் பதின்மூன்று நாள் உட்கார்ந்தவர்களில் பெரும்பாலோர் பட்டியல் சாதிப் பெண்கள். ஆகஸ்ட் 13 நள்ளிரவில் நீதிமன்ற உத்தரவைக் காட்டி அவர்களை அப்புறப்படுத்தினார்கள். மறுநாள் காலை உணவுத் திட்டம் உள்ளிட்ட அறிவிப்புகள் வந்தன. அவர்கள் கேட்டதோ ஊதியமும் பணிப் பாதுகாப்பும்.

இரண்டையும் சேர்த்துப் பார்த்தால் ஒரு பாடம் கிடைக்கிறது. நிரந்தரமும் கௌரவமான ஊதியமும் வந்தால், துடைப்பத்தின் மீது ஒட்டியிருந்த சாதி தளர்கிறது, படித்தவர்களே வரிசையில் நிற்கிறார்கள். ஊதியத்தை வெட்டி ஒப்பந்தமாக்கினால், பழைய சாதியே மறுபடியும் அந்த வேலையில் விடப்படுகிறது. வேலை அழுக்கானது என்பதால் மட்டும் மற்றவர்கள் அதைத் தொடாமல் இருக்கவில்லை. கூலி கேவலமாக இருந்ததும் ஒரு காரணம். அந்தக் கேவலமான கூலியை எதிர்த்துக் கேட்க முடியாதவர்கள் என்று ஒரு சாதி ஒதுக்கப்பட்டிருந்தது.

ஓர் எதிர்க்கேள்வி

சென்னைப் போராட்டத்தின்போது விடுதலைச் சிறுத்தைகள் தலைவர் தொல். திருமாவளவன் ஒரு கேள்வியை எழுப்பினார். தூய்மைப் பணியை நிரந்தரமாக்கக் கோருவது, குப்பை அள்ளுபவரே காலமெல்லாம் குப்பை அள்ளட்டும் என்பதற்கு வழி செய்துவிடாதா என்பது அதன் சாரம். அந்தத் தொழிலிலிருந்து வெளியேறுவதுதான் விடுதலை என்ற அவருடைய கவலை நம்முடையதும்தான். அப்பன் துடைப்பம் பிடித்த கையால் பிள்ளை பேனா பிடிக்க வேண்டும் என்பதில் நமக்குள் இரண்டு கருத்து இல்லை.

ஆனால் வெளியேறுவதற்குப் பணம் வேண்டும். மாதம் ஐயாயிரத்தில் குடும்பம் நடத்துகிறவர் பிள்ளையை அருப்புக்கோட்டைக் கல்லூரிக்கு மூன்று ஆண்டு அனுப்பி, அதற்கு மேல் தேர்வுப் பயிற்சிக்கும் மதுரைக்கு அனுப்புவது நடக்கிற காரியமா? நிரந்தர வேலையில் இருந்த பழைய நகராட்சித் தொழிலாளர் குடும்பங்களிலிருந்துதான் ஆசிரியரும் செவிலியரும் வழக்கறிஞரும் வந்தார்கள் என்பதை நம் தெருக்களிலேயே பார்க்கிறோம். வருமானம் உறுதியாக இருந்த வீட்டில்தான் பள்ளிக்கூடம் பாதியில் நிற்கவில்லை. நிரந்தரம் அடுத்த தலைமுறையைக் கட்டிப் போடவில்லை, அவிழ்த்துவிட்டது. ஆகவே பணி நிரந்தரமும் தொழிலிலிருந்து விடுதலையும் ஒன்றுக்கொன்று எதிரான கோரிக்கைகள் அல்ல. முதலாவது இரண்டாவதுக்குப் படிக்கட்டு.

இதில் ஓர் எச்சரிக்கையும் உண்டு. துப்புரவுப் பணியாளராக நியமனம் பெற்ற மற்றச் சாதியினர் அலுவலக வேலைக்கு மாறிக்கொள்ள, தெருவில் இறங்குவது மட்டும் அருந்ததியராகவே இருக்கிறது என்ற புகாரும் பல ஊர்களில் எழுந்தது. நியமனத்தில் சாதி போனாலும் வேலைப் பங்கீட்டில் அது திரும்ப வரும். சாதி வேலையை மட்டும் பிரிப்பதில்லை, வேலை செய்கிறவர்களையும் பிரிக்கிறது என்று அண்ணல் அம்பேத்கர் 1936-லேயே சுட்டிக்காட்டியது இதைத்தான்.

ஒப்பந்தத்தில் கரையும் இடஒதுக்கீடு

தமிழ்நாட்டில் பட்டியல் சாதியினருக்கு 18 விழுக்காடு, அதற்குள் அருந்ததியருக்கு 3 விழுக்காடு, பழங்குடியினருக்கு 1 விழுக்காடு இடஒதுக்கீடு உண்டு. அருந்ததியர் உள்ஒதுக்கீட்டை உச்ச நீதிமன்றமும் 2024 ஆகஸ்ட் 1 அன்று உறுதி செய்தது. நீண்ட போராட்டத்தில் கிடைத்த உரிமை இது. ஆனால் உரிமை கைக்கு வரும் நேரத்தில் வேலையே அரசின் கையை விட்டுப் போகிறது. 2022 அக்டோபரில் வந்த அரசாணை 152, மாநகராட்சிகளின் அடிநிலைப் பணிகளை அவுட்சோர்சிங் முறைக்குத் திறந்துவிட்டது. ஒப்பந்ததாரர் ஆள் எடுக்கும்போது இனச்சுழற்சி கிடையாது, பதவி உயர்வு கிடையாது, ஓய்வூதியமும் கிடையாது. கர்நாடக அரசு 2024-இல் அவுட்சோர்சிங் பணிகளுக்கும் இடஒதுக்கீடு உண்டு என்று ஆணை போட்டது. சமூக நீதியின் தாய்வீடு என்று சொல்லிக்கொள்ளும் நம் மாநிலத்துக்கு அதைச் செய்ய என்ன தடை?

தனியார் துறையிலும் இதே கேள்விதான். நம் மாவட்டத்தில் இ.குமாரலிங்கபுரத்தில் 1,052 ஏக்கரில் பி.எம். மித்ரா ஜவுளிப் பூங்காவுக்கு 2023 மார்ச்சில் ஒப்பந்தம் போடப்பட்டது. இத்தகைய பூங்கா ஒவ்வொன்றும் நேரடியாக ஒரு லட்சம் பேருக்கும் மறைமுகமாக இரண்டு லட்சம் பேருக்கும் வேலை தரும் என்பது ஒன்றிய அரசின் சொல். விருதுநகர் 2018 முதல் 'முன்னேற விழையும் மாவட்டம்' என்ற பட்டியலில் இருப்பதால் இது வர வேண்டிய திட்டம்தான். ஆனால் அந்த ஒரு லட்சத்தில் மேற்பார்வையாளர் யார், இயந்திரம் பழுது பார்ப்பவர் யார், கணக்கு எழுதுபவர் யார், பஞ்சுத் தூசியில் நிற்பவர் யார் என்பதை இப்போதே கேட்காவிட்டால், பூங்கா திறக்கும் நாளில் நம் பெண்களுக்கு மறுபடியும் வேன் மட்டும்தான் வரும்.

படிப்பு வீணா?

2021-22 அகில இந்திய உயர்கல்விக் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டில் பட்டியல் சாதியினரின் உயர்கல்விச் சேர்க்கை 39.4 விழுக்காடு. இது நாட்டின் மொத்தச் சராசரியான 28.4-ஐ விட அதிகம். ஆனாலும் மாநிலச் சராசரியான 47-ஐ எட்டவில்லை. நம் பிள்ளைகள் படிக்காததால் வேலை இல்லை என்று இனி யாரும் சொல்ல முடியாது. படித்தார்கள். படித்து முடித்து வெளியே வந்தபோது, வேலைக்குப் பதிலாக ஒப்பந்தம்தான் காத்திருந்தது. தகப்பன் கேட்கும் அந்தக் கோபமான கேள்வி போய்ச் சேர வேண்டிய இடம் கோட்டையும் மாவட்ட ஆட்சியர் அலுவலகமும்தான்.

அதுவரை நாமும் சும்மா இருக்க முடியாது. குரூப்-4 தேர்வில் பாதிக் கேள்விகள் தமிழில் இருந்துதான் வருகின்றன. தமிழ்ப் பகுதியில் 40 விழுக்காடு மதிப்பெண் எடுக்காவிட்டால் மற்ற விடைகளைத் திருத்தவே மாட்டார்கள். ஒன்றாம் வகுப்பு முதல் பத்தாம் வகுப்பு வரை தமிழ்வழியில் படித்தவருக்கு 20 விழுக்காடு முன்னுரிமை இருக்கிறது. அரசுப் பள்ளியில் படித்த நம் பிள்ளைகளுக்கு இது பெரிய வாய்ப்பு. தமிழ்வழிச் சான்றிதழைக் கடைசி நாளில் ஓடி வாங்காமல் பள்ளியை விட்டு வரும்போதே வாங்கி வையுங்கள். கலைக்கல்லூரியில் இடம் கிடைக்காதவர்கள் அருப்புக்கோட்டை அரசு ஐ.டி.ஐ.யை இரண்டாந்தரமாக நினைக்க வேண்டாம். ஜவுளிப் பூங்காவில் தூசியில் நிற்பவருக்கும் இயந்திரத்தைத் திறந்து பார்ப்பவருக்கும் இடையில் இருப்பது அந்த ஒரு சான்றிதழ்தான். ஒப்பந்தத்தில் வேலை செய்கிறவர்கள் சம்பளச் சீட்டைக் கேட்டு வாங்குங்கள். பிடித்த பி.எஃப். பணம் கணக்கில் ஏறியிருக்கிறதா என்று மாதா மாதம் பாருங்கள்.

அரசிடம் நாம் வைக்கும் கோரிக்கைகள் நான்கு. அவுட்சோர்சிங் பணிகளிலும் இனச்சுழற்சியைக் கட்டாயமாக்க வேண்டும். உள்ளாட்சித் தொழிலாளர்களுக்குக் குறைந்தபட்ச ஊதியம் நிர்ணயித்த 2017-ஆம் ஆண்டு அரசாணை 62-ஐ ஒவ்வொரு நகராட்சியும் ஊராட்சியும் நடைமுறைப்படுத்துகிறதா என்று கணக்கு வெளியிட வேண்டும். தூய்மைக் காவலரின் மதிப்பூதியத்தை ஊதியமாக்கி, நாள்கூலி நூறு நாள் கூலிக்குக் கீழே போகாதபடி செய்ய வேண்டும். ஜவுளிப் பூங்காவுக்கான பயிற்சியை அது திறப்பதற்கு முன்பே, தாட்கோ மூலம் திருச்சுழி, நரிக்குடி, காரியாபட்டி, அருப்புக்கோட்டைப் பகுதிகளின் காலனிகளில் தொடங்க வேண்டும்.

உள்ளாட்சித் தேர்தலோ சட்டமன்றத் தேர்தலோ, வாக்குக் கேட்டு யார் வந்தாலும் இந்த நான்கையும் அவர்கள் முன் வையுங்கள். பதிலை எழுத்தில் வாங்குங்கள்.