பினாங்குக்கு ஆள் ஏற்றிய கப்பல்... போரில் என்ன ஆனது?

மலேயா போய் வந்த தாத்தாக்களின் கதைகளில் 'ரஜூலா' கப்பல் கட்டாயம் வரும். அதன் ஜோடிக் கப்பல் 'ரோஹ்னா'வைப் பற்றிக் கேள்விப்பட்டிருக்கிறீர்களா?

பிரிட்டிஷ் இந்தியா கப்பல் கம்பெனிக்காக 1926-ல் இங்கிலாந்தில் கட்டப்பட்டது ரோஹ்னா. சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு, சிங்கப்பூர் என்பதுதான் அதன் வழி. கேபினுக்குக் காசில்லாதவர்கள் திறந்த டெக்கில் பாய் விரித்துப் படுத்துப் பயணம் செய்தார்கள்.

இரண்டாம் உலகப்போர் வந்தது. 1940-ல் பிரிட்டிஷ் அரசு ரோஹ்னாவை எடுத்துக்கொண்டு, படைவீரர்களை ஏற்றிச்செல்லும் கப்பலாக மாற்றியது. மாலுமிகளில் பெரும்பாலானோர் இந்தியர்கள்.

1943 நவம்பர் 26. சுமார் 2,000 அமெரிக்க வீரர்களோடு அல்ஜீரியா கடற்கரையை ஒட்டிச் சென்றுகொண்டிருந்தது ரோஹ்னா. சூயஸ் கால்வாய் வழியாக இந்தியா வருவதுதான் திட்டம். அப்போது ஜெர்மன் விமானம் ஒன்று குண்டு வீசியது. அது சாதாரண குண்டு அல்ல. விமானத்தில் இருந்தபடியே ரேடியோ அலைகளால் திசைதிருப்பி இலக்கில் மோதவைக்கும் 'ஹென்ஷெல் 293'. இன்றைய ஏவுகணைகளுக்கு முன்னோடி. அது கப்பலின் பக்கவாட்டைத் துளைத்து உள்ளே வெடித்தது.

உயிர்காக்கும் படகுகள் பலவற்றைக் கடலில் இறக்கவே முடியவில்லை. இருட்டிய கடலில், 'பயனியர்' என்ற அமெரிக்கக் கப்பல் மட்டும் 606 பேரைக் காப்பாற்றியது. அமெரிக்க வீரர்கள் 1,015 பேர் அன்று இறந்தார்கள். மாலுமிகளில் நூற்றுக்கும் மேற்பட்டோர் கரை திரும்பவில்லை.

அதன்பிறகு நடந்ததுதான் இன்னும் கொடுமை. புதிய ஆயுதம் பலித்தது எதிரிக்குத் தெரியக்கூடாது என்று விஷயத்தை மூடி மறைத்தார்கள். பிழைத்தவர்களுக்கும் வாய்ப்பூட்டு. மகன் எந்தக் கப்பலில், எப்படி இறந்தான் என்று தெரியாமலேயே பல பெற்றோர் காலமானார்கள். போர் முடிந்து பல ஆண்டுகள் கழித்தே முழு விவரம் வெளியே வந்தது. அலபாமாவில் நினைவுச்சின்னம் எழுந்தது 1996-ல். அமெரிக்க நாடாளுமன்றம் தீர்மானம் போட்டு அஞ்சலி செலுத்தியது 2000-ல்.

ரஜூலா போரில் தப்பி, 1970-கள் வரை நம் மக்களை ஏற்றிச் சென்றது. ரோஹ்னா மத்தியதரைக் கடலின் அடியில் கிடக்கிறது.

உங்கள் வீட்டுப் பழைய டிரங்குப் பெட்டியில் 1940-க்கு முந்தைய மலேயாப் பயணச்சீட்டு ஏதாவது இருக்கிறதா? அதில் கப்பலின் பெயரை ஒருமுறை பாருங்கள்.