கேளாமற் செய்த நன்மை

மக்கள் நலன் கருதும் ஆட்சி அவர்தம் சம்மதத்தைக் கேட்கவேண்டியதில்லை என வாதிடுவோர், ஐசக் அசிமோவின் ‘த எண்ட் ஒஃப் எற்றேனிற்றி’ (1955) என்னும் ஆங்கில நாவலைப் படித்தல் வேண்டும். அதில் வரும் ‘நித்தியம்’ என்ற நிறுவனம், காலத்துக்கு வெளியே நின்று நூற்றாண்டுகளுக்கிடையிலான வணிகத்தை ஒழுங்குபடுத்துகின்றது. சாதாரண மக்கள் அறிந்தது இவ்வளவே. அவ்வணிகத் திரையின் பின்னால், ஒரு கொள்கலத்தைத் தட்டு மாற்றி வைப்பது போன்ற சிறு செயலாலேயே ஓர் உலகு அழிக்கப்பட்டு, மற்றோர் உலகு அதனிடத்தில் நிறுவப்படுகின்றது.

துன்பம் குறைகின்றது, மறுப்பதற்கில்லை. ஆயின், விண்வெளிப் பயணமும் மீண்டும் மீண்டும் அழிக்கப்படுகின்றது. மனிதகுலம் மிகப் பிந்தி விண்மீன்களை அடைந்தபோது, அங்கே பிறர் முந்திக் குடியேறியிருந்தனர். இடரை ஒழிக்க முனைந்தோர் முயற்சியையும் ஒழித்துவிட்டனர்.

அசிமோவும் கண்டனத்துக்கு விலக்கானவரல்லர். நித்தியத்தை வீழ்த்தும் முடிவினை எடுப்போர் கதைத்தலைவன் ஹார்லனும், தொலைதூர எதிர்காலத்திலிருந்து வந்த ஒரு பெண்ணுமே. மக்களை அப்போதும் எவரும் கேட்கவில்லை! இரகசியமாக ஆளப்பட்டோர் இரகசியமாகவே விடுவிக்கப்படுகின்றனர். இதனை விடுதலை என ஏற்றல் எங்ஙனம்? தம் வரலாற்றைத் தாமே ஆக்கும் உரிமை, அதிற் பிழைவிடும் உரிமையையும் உள்ளடக்கியதே. அவ்வுரிமையை மக்கள் சார்பில் வேறெவரும் விலைபேச இயலாது.