கட்டைக்குக் கணக்கு உண்டு, ஆளுக்கு இல்லை

பெண்ணாடத்தில் சித்தப்பா பங்குக்கு வந்த பழைய வீட்டை இடித்தபோது மரம் வாங்க ஒரு வியாபாரி வந்தார். திண்ணைத் தூணை விரல் மடக்கித் தட்டிப் பார்த்துவிட்டு, "அசல் பர்மா தேக்குங்க ஐயா, இப்ப காசு குடுத்தாலும் கெடைக்காது" என்றார். சித்தப்பாவுக்குப் பெருமை தாங்கவில்லை. எனக்கும்தான், மறைப்பானேன். அன்று இரவு சென்னைக்குத் திரும்பும் ரயிலில் போனைத் தள்ளிக்கொண்டிருந்தபோது டாப்ஸ்லிப் பற்றிய ஒரு காணொலி வந்தது. தலைப்பு: தனி ஒரு மனிதர் நட்ட காடு.

நீங்களும் பார்த்திருப்பீர்கள். ஹ்யூகோ வுட் என்ற வெள்ளைக்கார வன அதிகாரி, ஆனைமலையில் மொட்டையாகிப்போன மலையில் கைத்தடியால் குழி குத்தி, பையிலிருந்து தேக்கு விதை எடுத்துப் போட்டுக்கொண்டே நடந்தாராம். காடு வந்துவிட்டதாம். பின்னணியில் வயலின். கமெண்டில் வரிசையாகக் கும்பிடு.

நான் எஞ்சினியரிங் படித்தவன். கணக்கு போட்டால்தான் தூக்கம் வரும். தேக்குத் தோட்டத்தில் ஆறடிக்கு ஆறடி நடுவது வழக்கமான இடைவெளி. அப்படி நட்டால் ஏக்கருக்கு 1,210 கன்று. நூறு ஏக்கருக்கு ஒரு லட்சத்து இருபத்தோராயிரம். அதற்கு முன்னால் புதரை வெட்டி எரிக்க வேண்டும், நட்டபின் வருடக்கணக்கில் களை எடுக்க வேண்டும், கோடையில் தீத்தடுப்புக் கோடு வெட்டிக் காவல் இருக்க வேண்டும். இதையெல்லாம் ஒரு கைத்தடி செய்ததா?

வுட் நல்ல மனிதராக இருந்திருக்கலாம். எளிமையாக வாழ்ந்தார், 1933இல் செத்தபிறகும் அந்தக் காட்டிலேயே கிடக்கிறார். அவரோடு எனக்குச் சண்டை இல்லை. கல்லறையில் லத்தீனில், இவர் நினைவுச்சின்னம் வேண்டுமென்றால் சுற்றிலும் பார் என்கிற பொருளில் பொறித்திருக்கிறார்கள். லண்டன் செயின்ட் பால் தேவாலயத்தில் அதைக் கட்டிய கிறிஸ்டோபர் ரென்னுக்கு எழுதிய அதே வாசகம். அங்கேயும் ரென் கல் சுமக்கவில்லை.

என் சண்டை அந்தக் கதையோடுதான். அது பாதியிலிருந்து தொடங்குகிறது. அந்த மலை ஏன் மொட்டையானது?

1848இல் மைக்கேல் என்ற ராணுவ அதிகாரியை ஆனைமலைத் தேக்கை வெட்டியெடுக்க நியமித்தார்கள். மரம் பம்பாய்க் கப்பல் தளத்துக்குப் போனது. இங்கிலாந்தில் ஓக் தீர்ந்துகொண்டிருந்தது, கடற்படைக்குத் தேக்கு வேண்டும். 1856இல் ராயபுரத்திலிருந்து தென்னிந்தியாவின் முதல் ரயில் கிளம்பியது. அதே வருடம் கிளெக்ஹார்ன் சென்னை மாகாணத்தின் காட்டுப் பாதுகாவலர் ஆனார். இரண்டும் ஒரே வருடத்தில் நடந்ததைச் சும்மா தாண்டிப் போக வேண்டாம். ஒரு மைல் தண்டவாளத்துக்கு ஏறத்தாழ 1,700 முதல் 2,000 சிலீப்பர் கட்டை. எஞ்சினுக்கும் விறகுதான் தீனி. பெண்ணாடம் வழியாகப் போகும் விழுப்புரம்–திருச்சி பாதை வந்தது 1920களின் இறுதியில். மீட்டர் கேஜை எடுத்தபோது நான் பள்ளிக்கூடத்துப் பையன். கழற்றிப் போட்ட கட்டைகளின் மேல் உட்கார்ந்து கதை பேசியிருக்கிறோம். எந்த மலையில் யார் வெட்டியது என்று எங்களில் ஒருவனுக்கும் கேட்கத் தோன்றவில்லை.

யார் வெட்டினார்கள்? காடர், மாலசர், புலையர், சமவெளியிலிருந்து மேலே ஏறிய கூலிகள். மலைக்காய்ச்சல் காட்டில் வெட்டினார்கள், யானை கட்டி இழுத்தார்கள், உச்சியிலிருந்து சரித்துவிட்டார்கள். டாப்ஸ்லிப் என்ற பெயரே அந்தச் சரிவிலிருந்து வந்ததுதான். ஊர்ப் பெயரில் வேலை இருக்கிறது, வேலை செய்தவன் இல்லை.

இந்த இடத்தில் வரலாறு எழுதுகிறவர்கள் வழக்கமாகச் சொல்லும் பதில்: ஆவணம் இல்லையே. பொய். ஆவணம் எக்கச்சக்கம். காட்டுத் துறையில் வெட்டிய ஒவ்வொரு கட்டைக்கும் எண் உண்டு, சுற்றளவு உண்டு, நீளம் உண்டு, சுத்தியலால் அடித்த முத்திரை உண்டு. எட்கர் தர்ஸ்டன் 1909இல் வெளியிட்ட ஏழு தொகுதிகளில் காடர்களின் மூக்கு அளவு இருக்கிறது, பல்லைக் கூராகச் செதுக்கிக்கொள்ளும் வழக்கம் இருக்கிறது. மூக்கை அளக்கக் கருவியோடு மலையேறிப் போனவருக்கு மூக்கின் சொந்தக்காரன் பெயரைக் கேட்டு எழுத ஒரு நிமிடம் ஆகியிருக்குமா?

எங்கள் தொழிலில் லாக் என்று ஒன்று உண்டு. சர்வரில் நடப்பதையெல்லாம் வரிவரியாக எழுதிவைப்பது. லாக்கில் இல்லாதது நடக்கவே இல்லை என்று மேனேஜர் சாதிப்பார். அந்தச் சொல்லும் கட்டையிலிருந்து வந்ததுதான். பாய்மரக் கப்பலின் வேகத்தை அறியக் கயிற்றில் கட்டிக் கடலில் எறிந்த மரத்துண்டு லாக், அதைக் குறித்த நோட்டு லாக்புக். எதை எழுதுவது, எதை விடுவது என்று முடிவு செய்கிறவனும் ஒரு ஆள்தான். விட்டுப்போனது என்று சொல்லாதீர்கள், விட்டார்கள்.

பர்மா தேக்கு என்று நாம் பெருமை பேசுவதன் பின்னால் ஒரு போரே இருக்கிறது. பம்பாய் பர்மா டிரேடிங் கார்ப்பரேஷன் வெட்டிய மரத்துக்குக் கணக்கு சரியில்லை என்று மன்னர் தீபா அபராதம் போட்டார். அதைச் சாக்காக வைத்து 1885 நவம்பரில் ஆங்கிலேயர் படையெடுத்து, மன்னரை ரத்னகிரிக்கு நாடு கடத்தினார்கள். ரங்கூன் மர ஆலைகளில் கட்டை உருட்டியதில் தெலுங்கரும் தமிழரும் உண்டு. திண்ணையில் சாய்ந்து வெற்றிலை போட்ட என் முன்னோர்களுக்கு அது தெரிந்திருக்குமா என்பது வேறு விஷயம்.

1882இல் சென்னை மாகாண வனச் சட்டம் வந்தது. காடு அரசின் சொத்து என்று எழுதியாகிவிட்டது. துரைக்காக வெட்டினால் கூலி, தனக்காக வெட்டினால் குற்றம். அதே ஆள், அதே கோடாலி. இது ஏதோ பழங்கதை என்று நினைக்கிறவர்களுக்கு ஒரு தேதி: 2015 ஏப்ரல் 7. சேஷாசலம் காட்டில் செம்மரம் வெட்டப் போனவர்கள் என்று சொல்லி, தமிழ்நாட்டுக்காரர்கள் 20 பேரை ஆந்திரப் போலீஸ் சுட்டுக் கொன்றது. திருவண்ணாமலை, தருமபுரிப் பக்கத்து ஆட்கள், பலர் ஜவ்வாது மலைப் பழங்குடிகள். தற்காப்புக்குச் சுட்டோம் என்றது போலீஸ். பஸ்ஸிலிருந்து இறக்கிக் கொண்டுபோய்ச் சுட்டார்கள் என்றன மனித உரிமை அமைப்புகள். நம் டைம்லைனில் ஓடியது ஒரே சொல்: கடத்தல்காரர்கள். கடத்துகிறவன் குண்டு பாயும் தூரத்தில் ஒருநாளும் நிற்பதில்லை. கோடாலி பிடித்த கூலிக்காரன்தான் நிற்பான்.

2019 ஜூலையில் காஞ்சிபுரம், வேலூர் மாவட்டங்களில் மரம் வெட்டும் இடங்களிலிருந்து இருளர்கள் 42 பேரைக் கொத்தடிமைகளாக மீட்டார்கள். கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் வந்து 43 வருடம் கழித்து. எங்கள் பக்கத்திலும் வேலிக்காத்தானும் தைல மரமும் வெட்ட முன்பணம் வாங்கிக்கொண்டு குடும்பத்தோடு வருகிறார்கள். வாய்க்கால் ஓரம் தார்ப்பாயில் குடித்தனம், தழையைக் கழிப்பது பிள்ளைகள். லாரி எடைமேடையில் ஏறும்போது மரத்துக்கு டன் கணக்கில் சீட்டு கிழித்துக் கொடுக்கிறார்கள்.

ஆகவே, தனி ஒரு மனிதர் நட்ட காடு என்று அடுத்த முறை யாராவது அனுப்பினால், ஃபார்வர்டு செய்வதற்கு முன் அந்த 1,210ஐ ஒருமுறை பெருக்கிப் பாருங்கள். டாப்ஸ்லிப் போனால் கல்லறையோடு திரும்பி வராதீர்கள். கோழிகமுத்தி யானை முகாம் அங்கிருந்து பக்கம்தான். பாகன்களில் பலர் இன்றும் மாலசர்கள். உங்க தாத்தா எந்தக் கூப்புல வேலை பாத்தாருங்க என்று கேளுங்கள். பெயரையும் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள், உங்கள் பயணக் கட்டுரையில் வுட்டின் பெயருக்கு முன்னால் அதைப் போடலாம்.