சந்தேகத்தின் பலன் யாருக்கு?

எழுத்துத் தேர்வில் தேறியாயிற்று. நாகர்கோவில் அண்ணா விளையாட்டரங்கில் விடியற்காலையில் ஓடிப் பழகி, 1500 மீட்டரும் கயிறு ஏறுதலும் முடித்தாயிற்று. தேர்வுப் பட்டியலில் பெயரும் வந்துவிட்டது. அதன் பிறகும் நம் பிள்ளைகளை வெளியே தள்ள ஒரு வாசல் திறந்திருக்கிறது. அதன் பெயர் முன்நடத்தை விசாரணை.

தமிழ்நாடு காவல் சார்நிலைப் பணி விதிகளில் 14(பி)யைப் படியுங்கள். குற்ற வழக்கில் தொடர்புடையவரைச் சேர்க்கக்கூடாது என்கிறது. அதன் விளக்கத்தில்தான் விஷம் இருக்கிறது. சந்தேகத்தின் பலனால் விடுதலையானவரும், புகார்தாரர் பிறழ்சாட்சி சொன்னதால் விடுதலையானவரும் ‘வழக்கில் தொடர்புடையவர்’ என்றே கருதப்படுவார்களாம். 2008இல் மணிகண்டன் வழக்கில் சென்னை உயர்நீதிமன்ற முழு அமர்வு இந்த விதியை ஏற்றுக்கொண்டது.

விதி எல்லோருக்கும் பொதுதானே என்பார்கள். யார்மீது எப்படி வழக்கு விழுகிறது என்று பார்த்துவிட்டுப் பேசட்டும். கோவில் கொடையில் அடிபடுகிறவன் நம் பையன். வன்கொடுமைச் சட்டத்தில் புகார் கொடுக்கப் போனால், அவன் மீதும் ஒரு பதில் வழக்கு. ஆபாசமாகத் திட்டினான், கையால் அடித்தான், கொலைமிரட்டல் விட்டான்: 294(பி), 323, 506. இப்போது பி.என்.எஸ். எண்கள், சரக்கு அதேதான். நம் புகாரை வாபஸ் வாங்க வைப்பதற்கான பிடி அது. பிறகு ஊர்ப் பெரியவர்கள் ‘பேசித் தீர்த்துக்கலாம்’ என்பார்கள். இரண்டு தரப்பும் சாட்சிக் கூண்டில் பிறழும். பையன் விடுதலை. வீட்டில் நிம்மதி. சில வருடம் கழித்து அந்தத் தீர்ப்பே அவன் வேலையைப் பறிக்கும்.

பட்டியல் சாதியினர்மீது பொய் வழக்குப் போடுவதே வன்கொடுமை என்கிறது வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 3(1)(பி). அப்படிப் போடப்பட்ட வழக்கையே தகுதிக் குறைவாக எண்ணுகிறது காவல்துறை விதி. வழக்கைப் பதிவு செய்வதும் காவல் நிலையம், முன்நடத்தை அறிக்கை எழுதுவதும் காவல் நிலையம்.

‘கௌரவமான விடுதலை’ என்றால்தான் ஏற்பார்களாம். அந்தச் சொல் குற்றவியல் நடைமுறைச் சட்டத்திலேயே கிடையாது என்று உச்சநீதிமன்றம் 2012இல் சமுத்திரம் வழக்கில் சொன்னது. (அந்தத் தீர்ப்பு அவருக்குப் பாதகமாகத்தான் முடிந்தது, அது வேறு.) சட்டத்தில் இல்லாத ஒரு அடைமொழியை மாஜிஸ்திரேட் எழுதினாரா இல்லையா என்பதில் ஒரு குடும்பத்தின் சோறு தொங்குகிறது.

குமரி மாவட்டத்தில் இன்னொரு முடிச்சும் உண்டு. தலைமுறைகளுக்கு முன் கிறிஸ்தவத்துக்குப் போன நம் உறவுகள் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலில் இருக்கிறார்கள். அவர்களை அடிக்கிறவனுக்கு அவர்கள் மதம் மாறியது கண்ணில் படாது. சட்டத்துக்கு மட்டும் படும். வன்கொடுமைச் சட்டப் பாதுகாப்பு அவர்களுக்கு இல்லை. காவலர் தேர்வுக்கான வயது வரம்பும் 31 அல்ல, 28. வழக்கு நிலுவையில் இருந்து பிறகு கௌரவமாக விடுதலையானாலும், அடுத்த தேர்வில்தான் கலந்துகொள்ள முடியும் என்கிறது அதே விதி. அடுத்த அறிவிப்பு வருவதற்குள் அவர்களுக்கு வயது தாண்டிவிடும்.

அவதார் சிங் வழக்கில் 2016இல் உச்சநீதிமன்றம் கொஞ்சம் கதவைத் திறந்தது. இளம் வயதில் கோஷம் போட்டது போன்ற அற்ப வழக்கை மறைத்திருந்தால்கூட, வேலை கொடுப்பவர் அதைப் பொருட்படுத்தாமல் விடலாம் என்றது. ‘விடலாம்’ என்பது அவர்கள் விருப்பம். அதை நம்பி யாரும் மறைக்காதீர்கள். மறைத்தான் என்பதே தனிக் காரணமாகிவிடும். மதுரைக் கிளையில் ரிட் போட்டு வருடக்கணக்கில் காத்திருக்க நேரும்.

விதியைத் திருத்த சட்டமன்றம் கூட வேண்டியதில்லை, அரசாணை போதும். பதில் வழக்கு என்று தெரிந்தால் தள்ளிவிட வேண்டும். ஒவ்வொரு வழக்கின் தன்மையையும் காவல்துறைக்கு வெளியே உள்ளவர்களும் இருக்கும் குழு பார்க்க வேண்டும். நம் அமைப்புகள் மாநாட்டுத் தீர்மானங்களில் இதை ஏன் எழுதுவதில்லை? சிலை, பெயர்ப்பலகை, கொடிக்கம்பம் எல்லாம் வருகிறது. இது வருவதில்லை.

அதுவரை, தம்பி தங்கைகளே, பதில் வழக்கு விழுந்தால் விசாரணை நிலையிலேயே வழக்கறிஞரைப் பிடியுங்கள். ‘பொருண்மைப் பிழை’ என்று வழக்கு முடிக்கப்பட்டால் விதி உங்களைத் தொடர்புடையவராகப் பார்க்காது. குற்றப்பத்திரிகை வந்துவிட்டால், சமரசத்துக்குத் தலையாட்டும் முன் யோசியுங்கள். சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்து, பொய்யென்று பதிவாக்கி, தீர்ப்பு வாங்குங்கள். அதன் சான்றிட்ட நகல் கையில் இருக்கட்டும். விண்ணப்பத்தில் வழக்கு எண்ணோடு எழுதுங்கள்.